ஹெர்த்தா தீலெ: அதற்குப் பிறகு என்ன?

"சரி, 1934க்கு அப்புறம் அவங்க என்ன படம் பண்ணாங்க?"

"ஒண்ணும் பண்ணலை."

"அப்ப எதுக்குடி அவங்களைப் பத்திப் பேசறே?"

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன்.

ஜெர்மன் வகுப்பில் ஆளுக்கு ஐந்து நிமிடம், யாராவது ஒரு ஜெர்மானியரைப் பற்றிப் பேச வேண்டும். ஐன்ஸ்டீனை மூன்று பேர் எடுத்துக்கொண்டார்கள். மைக்கேல் ஷூமாக்கரை இரண்டு பேர். பேத்தோவனை ஒருத்தி. நான் எடுத்தது ஹெர்த்தா தீலெ என்ற நடிகையை. பெயரைச் சொன்னதும் மேடமே ஒரு கணம் புருவத்தைத் தூக்கினார். எனக்குத் தெரிந்த ஜெர்மனில் 'அவர் லைப்ஸிக்கில் பிறந்தார். அவர் நடித்தார். பிறகு அவர் நடிக்கவில்லை' என்கிற அளவுக்குத்தான் பேச முடிந்தது. அந்த மூன்றாவது வாக்கியத்தில்தான் விஷயமே இருக்கிறது என்று விளக்க என்னிடம் இலக்கணம் இல்லை. அதனால் கடைசி பெஞ்சுக்கு என் பதிலைத் தமிழில் எழுதுகிறேன். கொஞ்சம் நீளம்தான். பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஹெர்த்தா தீலெ பிறந்தது 1908 மே 8, லைப்ஸிக் நகரில். இருபது வயதில் சொந்த ஊரிலேயே மேடை ஏறினார். 1930ல் அந்த ஊர் நாடக அரங்கில் கிறிஸ்டா வின்ஸ்லோ என்ற எழுத்தாளரின் நாடகம் ஒன்று அரங்கேறியது. போட்ஸ்டாமில் ராணுவ அதிகாரிகளின் மகள்கள் படிக்கும் ஒரு விடுதிப் பள்ளியைப் பற்றிய கதை. வின்ஸ்லோ தானே அப்படி ஒரு பள்ளியில் வளர்ந்தவர், பட்டதைத்தான் எழுதினார். தாயை இழந்து அந்தப் பள்ளிக்கு வந்து சேரும் மனுவேலா என்ற சிறுமியாக ஹெர்த்தா நடித்தார். அடுத்த ஆண்டு நாடகம் பெர்லினுக்குப் போனபோது மனுவேலா வேஷம் வேறொரு நடிகைக்குப் போனது. ஆனால் அதைப் படமாக்க முடிவு செய்தபோது லைப்ஸிக் மனுவேலாவைத்தான் கூப்பிட்டார்கள்.

அந்தப் படம்தான் 'மேட்ஷென் இன் யூனிஃபார்ம்'. 'சீருடைப் பெண்கள்' என்று சொல்லலாம். 1931 நவம்பரில் பெர்லினில் வெளியானது.

படத்தில் ஓர் ஆண்கூட நடிக்கவில்லை. இயக்கியது லியோன்டீன் ஸாகன் என்ற பெண். அதுதான் அவருக்கு முதல் படம். மூலக்கதையும் ஒரு பெண்ணுடையது. பெரிய ஸ்டூடியோ முதலாளி யாரும் பின்னால் இல்லை. நடித்தவர்களும் வேலை செய்தவர்களும் பங்குதாரர்களாகச் சேர்ந்து, கூட்டுறவு முறையில் எடுத்த படம். மேற்பார்வைக்கு மட்டும் கார்ல் ஃப்ரோலிஷ் என்ற அனுபவசாலி இயக்குநர் இருந்தார். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

கதை சின்னது. கோடு போட்ட சீருடை, மணி அடித்தால் எழ வேண்டும், மணி அடித்தால் படுக்க வேண்டும். வீட்டுக்கு எழுதும் கடிதம் பள்ளி நிர்வாகத்தின் கண்ணில் படாமல் போகாது. சாப்பாடு போதாது. பிள்ளைகளுக்குப் பசிக்கிறது என்று சொன்னால், பசியும் கட்டுப்பாடும்தான் பிரஷ்யாவைப் பெரிய நாடாக்கின என்கிற ரீதியில் பேசுகிறார் தலைமை ஆசிரியை. (ஹாஸ்டலில் இருக்கிறவர்கள் இந்தக் காட்சியை மெஸ்ஸில் உட்கார்ந்து பார்க்கவும்.) அந்தக் கட்டிடத்தில் பிள்ளைகளை மனுஷியாக நடத்துவது ஒரே ஓர் ஆசிரியை, ஃப்ராய்லைன் ஃபான் பெர்ன்புர்க். இரவு படுக்கப் போகும்முன் ஒவ்வொரு பெண்ணுக்கும் நெற்றியில் முத்தம் கொடுப்பார். மனுவேலாவின் உள்ளாடை கிழிந்து கிடப்பதைப் பார்த்துத் தன்னுடையதை எடுத்துக் கொடுப்பார். அம்மா இல்லாத பெண்ணுக்கு அது போதும். மனசு முழுக்க அந்த ஆசிரியைதான்.

பள்ளி விழாவில் ஷில்லரின் நாடகம் போடுகிறார்கள். மனுவேலாதான் கதாநாயகன் டான் கார்லோஸ். நாடகம் முடிந்த கொண்டாட்டத்தில் பானத்தில் மது கலந்திருக்கிறது. அதைக் குடித்துவிட்டு, எல்லோர் முன்னாலும் அந்த ஆசிரியையின் மேல் தனக்கிருக்கும் அன்பைக் கத்திச் சொல்லிவிடுகிறாள். சொல்லும்போது தலைமை ஆசிரியை உள்ளே வந்து நிற்கிறார். அப்புறம் தனி அறை, யாரும் அவளோடு பேசக்கூடாது என்ற உத்தரவு. கடைசியில் மாடிப்படியின் உச்சியிலிருந்து குதிக்கப் போகிறாள். லைப்ஸிக் நாடகத்தில் மனுவேலா செத்துப் போவாள். படத்தில் மற்றப் பெண்கள் எல்லாம் சேர்ந்து, உத்தரவை மீறி அவளைத் தேடி ஓடிவந்து இழுத்துப் பிடித்துவிடுகிறார்கள். தலைமை ஆசிரியை ஒன்றும் சொல்லாமல், கைத்தடியை ஊன்றிக்கொண்டு, இருட்டான நடைவழியில் மெதுவாக நடந்து போகிறார். வெளியே எங்கோ ராணுவத்தின் எக்காளம் கேட்கிறது. அவ்வளவுதான் படம்.

இதில் எனக்கு ரொம்பப் பிடித்த தகவல் ஒன்று. ஆசிரியையாக நடித்த டொரோதேயா வீக்கும் மாணவியாக நடித்த ஹெர்த்தாவும் ஒரே வயது. இரண்டு பேரும் 1908ல் பிறந்தவர்கள், நான்கு மாதம்தான் வித்தியாசம். ஒரே வயதுப் பெண்கள் இருவர், ஒருத்தி பதினாலு வயதுச் சிறுமியாகவும் இன்னொருத்தி அவளுக்கு அம்மா மாதிரியும் நிற்கிறார்கள். படம் ஓடுகிற ஒன்றரை மணி நேரத்தில் ஒரு தடவைகூட எனக்குச் சந்தேகம் வரவில்லை. ஹெர்த்தா முகத்தால் பெரிதாக ஒன்றும் செய்வதில்லை. சும்மா பார்த்துக்கொண்டு நிற்கிறார். புது இடத்துக்கு வந்த பிள்ளை அப்படித்தான் நிற்கும் என்று நமக்கே தெரிகிறது.

படம் உலகம் சுற்றியது. 1932ல் நடந்த முதல் வெனிஸ் திரைப்பட விழாவில் காட்டினார்கள். பிரான்ஸில் அதற்கு சப்டைட்டில் எழுதியது நாவலாசிரியை கொலெத். ஒரே படத்தில் ஹெர்த்தா தீலெ நட்சத்திரம்.

*

நட்சத்திரமான பிறகு ஒரு நடிகை வழக்கமாக என்ன செய்வார்? அதே மாதிரி இன்னும் நாலு படம். ஹெர்த்தாவுக்கும் அப்படி வந்தது. 1933ல் வந்த 'அன்னா உண்ட் எலிஸபெத்' படத்தில் மறுபடியும் அவரும் டொரோதேயா வீக்கும் ஜோடி. கைபட்டால் நோய் குணமாகும் என்று ஊரார் நம்பும் கிராமத்துப் பெண்ணாக இவர், சக்கர நாற்காலியில் இருக்கும் பணக்காரச் சீமாட்டியாக அவர். ஜனங்கள் இருவரையும் சேர்த்துப் பார்க்க விரும்பியிருப்பார்கள், புரிகிறது.

ஆனால் இரண்டு படங்களுக்கும் நடுவில் அவர் இன்னொரு படம் செய்தார். பெயர் 'கூலெ வாம்பெ'. பெர்லின் பேச்சுவழக்கில் 'காலி வயிறு' என்கிற மாதிரி அர்த்தம். பெர்லினுக்கு வெளியே மூகெல் ஏரிக்கரையில் இருந்த கூடார முகாமின் பெயரும் அதுதான். கதை பெர்டோல்ட் பிரெக்டும் எர்ன்ஸ்ட் ஓட்வால்டும் எழுதியது. இசை ஹான்ஸ் ஐஸ்லர். இயக்கம் ஸ்லாடன் டூடோவ். கதாநாயகன் பாடகரும் நடிகருமான எர்ன்ஸ்ட் புஷ். இப்போது இந்தப் பட்டியலைப் பார்த்தால் அப்பாடா என்றிருக்கிறது. அப்போது ஒரு புது நட்சத்திரத்துக்கு இது பாதுகாப்பான இடம் இல்லை. இது பகிரங்கமான கம்யூனிஸ்ட் படம். தயாரிப்பு கம்பெனி பாதியில் திவாலாகி, ஒரு சுவிஸ் கம்பெனியின் பணத்தில்தான் படம் முடிந்தது.

1932ன் தொடக்கத்தில் ஜெர்மனியில் வேலையில்லாதவர்கள் அறுபது லட்சம் பேர். படத்தின் முதல் காட்சி அதுதான். இளைஞர்கள் கூட்டம் கூட்டமாக சைக்கிளில் ஒரு தொழிற்சாலை வாசலுக்குப் போகிறார்கள், வேலை இல்லை என்கிறார்கள், அடுத்த வாசலுக்கு மிதிக்கிறார்கள். சக்கரங்கள் மட்டும் சுற்றிக்கொண்டே இருக்கின்றன. அதில் ஒரு பையன் வீட்டுக்கு வந்து, அப்பா திட்டுவதைக் கேட்டுக்கொண்டே சாப்பிட்டு முடிக்கிறான். எல்லோரும் போன பிறகு கைக்கடிகாரத்தைக் கழற்றிப் பத்திரமாக வைத்துவிட்டு ஜன்னலிலிருந்து குதித்துவிடுகிறான். கடிகாரம் விலை உள்ள பொருள், வீட்டுக்கு ஆகும். அழுகை கிடையாது, பின்னணியில் சோக வயலின் கிடையாது. அந்தப் பையனின் அக்கா அன்னிதான் ஹெர்த்தா.

வாடகை கட்ட முடியாமல் குடும்பத்தைத் தெருவில் விடுகிறார்கள். எல்லோரும் அந்த ஏரிக்கரைக் கூடாரத்துக்குக் குடி போகிறார்கள். அன்னி கர்ப்பமாகிறாள். காதலன் மனசில்லாமல் நிச்சயதார்த்தத்துக்குச் சம்மதிக்கிறான். கடன் வாங்கி விருந்து வைத்து உறவுக்காரர்கள் தின்று குடித்துக் கூத்தடிக்கிற அந்தக் காட்சியில் ஹெர்த்தாவின் முகத்தைப் பாருங்கள். நம் ஊர் நிச்சயதார்த்தங்களில் சில சமயம் அந்த முகத்தைப் பார்த்திருக்கிறேன். அன்னி நிச்சயத்தை முறித்துக்கொண்டு தோழியோடு நகரத்துக்குப் போய்விடுகிறாள்.

தணிக்கைக்காரர்கள் 1932 மார்ச்சில் படத்தைத் தடை செய்தார்கள். பெரிய சண்டைக்குப் பிறகு, வெட்டின பிரதிதான் மே மாதம் பெர்லினில் வெளியானது. இந்தச் சண்டையைப் பற்றி பிரெக்டே பிறகு எழுதியிருக்கிறார். தணிக்கை அதிகாரியின் புகார் இதுதான்: அந்தப் பையனின் தற்கொலையை ஒரு தனி மனிதனின் சோகமாகக் காட்டவில்லை, ஒரு வர்க்கத்துக்கே நடப்பது போலக் காட்டியிருக்கிறீர்கள். நம்மை ஆதரித்த விமர்சகர்களைவிட இந்தப் போலீஸ்காரருக்குத்தான் நம் படம் நன்றாகப் புரிந்திருக்கிறது என்பது பிரெக்டின் முடிவு! இதைப் படித்தபோது விடுதி அறையில் தனியாகச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

*

1933 ஜனவரி 30. ஹிட்லர் பிரதமர் ஆனார். பிப்ரவரி கடைசியில் பாராளுமன்றம் எரிந்தது. மறுநாளே பிரெக்ட் நாட்டை விட்டுப் போய்விட்டார். மார்ச் மாதம் கோயபல்ஸ் பிரச்சார மந்திரி. அதே மாதம் 'கூலெ வாம்பெ'க்கு மறுபடியும் தடை, இந்தத் தடவை நிரந்தரமாக. ஜூலையில் திரைப்படச் சபை என்று ஒன்றை அரசு உருவாக்கியது. அதில் உறுப்பினராக இல்லாவிட்டால் ஜெர்மன் சினிமாவில் யாருக்கும் வேலை கிடையாது.

இங்கே ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஹெர்த்தா மறுநாளே பெட்டியைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிடவில்லை. 1933ல் அவர் நடித்துக்கொண்டுதான் இருந்தார். ஹான்ஸ் ஃபல்லாடாவின் புகழ்பெற்ற நாவலைப் படமாக்கியபோது அதில் ஏழைக் குமாஸ்தாவின் மனைவி வேஷம் அவருக்கு. படம் ஆகஸ்டில் வந்தது. 'ரைஃபெண்ட யூகெண்ட்' என்ற இன்னொரு பள்ளிக்கூடக் கதையிலும் நடித்தார். அந்தப் படத்தை இயக்கியவர், ஞாபகம் வைக்கச் சொன்னேனே, அதே கார்ல் ஃப்ரோலிஷ். கூட நடித்தவர் ஹைன்ரிஷ் கேயோர்கெ என்ற பெரிய நடிகர்.

இந்த மூன்று பேரும் 1933ல் ஒரே படப்பிடிப்புத் தளத்தில் நின்றார்கள். அங்கேயிருந்து ஆளுக்கொரு பாதை. வகுப்பில் கேட்ட கேள்விக்குப் பதில் இந்தப் பாதைகளில்தான் இருக்கிறது.

முதலில் கேயோர்கெ. இவர் அதுவரை இடதுசாரி நாடகக்காரர்களோடு சேர்ந்து வேலை செய்தவர். பிரெக்டோடும் பழக்கம். 'மெட்ரோபோலிஸ்' படத்தில் இயந்திரங்களைக் காக்கும் ஃபோர்மேனாக வருவாரே, அவர்தான். 1933லேயே 'ஹிட்லர்யுங்கெ க்வெக்ஸ்' என்ற நாஜிப் பிரச்சாரப் படத்தில் நடித்தார். கம்யூனிஸ்டாக இருந்து மனம் மாறும் தகப்பன் வேஷம். படத்துக்கு வெளியேயும் கிட்டத்தட்ட அதே வேஷம்தான். அப்புறம் 1940ல் யூதர்களுக்கு எதிரான மிக மோசமான படமான 'யூட் ஸ்யூஸ்'. போர் முடியும் தறுவாயில் 'கோல்பெர்க்'. போர் முடிந்ததும் சோவியத் படைகள் பிடித்துக்கொண்டு போயின. 1946ல் ஸாக்ஸன்ஹவுஸன் முகாமில் இறந்தார். அவரைப் பற்றி எழுதும் யாரும் இன்றுவரை 'மகா நடிகர், ஆனால்...' என்றுதான் தொடங்க வேண்டியிருக்கிறது.

அடுத்து ஃப்ரோலிஷ். 1933லேயே நாஜிக் கட்சியில் சேர்ந்தார். படங்கள் எடுத்தார், கௌரவங்கள் வந்தன. 1939ல் அந்தத் திரைப்படச் சபைக்கே தலைவரானார். கட்டுப்பாடு பிள்ளைகளை எப்படி நசுக்கும் என்று சொன்ன படத்துக்கு மேற்பார்வை செய்தவர், எட்டு வருடத்தில் அந்த நாட்டின் சினிமாவுக்கே தலைமை ஆசிரியை ஆகிவிட்டார்! இதை நான் கதையாக எழுதியிருந்தால் 'ரொம்ப நாடகத்தனம்' என்று மார்க் குறைத்திருப்பார்கள்.

மூன்றாவது, ஹெர்த்தா. அவர் யூதர் இல்லை. கட்சிப் பட்டியல் எதிலும் தேடப்பட்டவர் இல்லை. கொஞ்சம் வளைந்திருந்தால் போதும். புதிய ஆட்சிக்கு அழகான ஜெர்மன் முகங்கள் தேவைப்பட்டன. இருந்த பெரிய முகங்களில் பாதி வெளிநாட்டுக்கு ஓடிவிட்டன. போட்டியே இல்லாத மைதானம். ஆனால் அவர் அவர்களோடு ஒத்துப்போக மறுத்துவிட்டார். 1936ல் சபையிலிருந்து நீக்கினார்கள். 1937ல் சுவிட்சர்லாந்துக்குப் போய்விட்டார். அப்போது வயது இருபத்தொன்பது. 1931ல் ஆரம்பித்த சினிமா வாழ்க்கை 1934லேயே முடிந்துவிட்டது. மொத்தம் மூன்று வருடம். நம் ஒரு டிகிரி.

*

எதிர்த்து நின்றவர்களுக்குப் பிறகு என்ன ஆகும் என்பதைச் சினிமாக்கள் ஒரு பாட்டில் காட்டிவிடும். நிஜத்தில் அது ரொம்ப நீளமாக இருக்கிறது. சுவிட்சர்லாந்து ஒன்றும் அவருக்காகச் சிவப்புக் கம்பளத்தோடு காத்திருக்கவில்லை. அகதிகள் வேலை செய்வதற்கே கட்டுப்பாடுகள். பெர்ன் நகரில் மறுபடி மேடை ஏற அவருக்கு 1942 வரை ஆனது. போர் முடிந்தபின் ஜெர்மனிக்குத் திரும்பி நாடகத்தில் காலூன்றப் பார்த்தார், நடக்கவில்லை. மறுபடி சுவிட்சர்லாந்து. அங்கே மனநோயாளிகளைப் பார்த்துக்கொள்ளும் உதவி நர்ஸாக வேலை செய்தார். வெனிஸில் காட்டிய படத்தின் கதாநாயகி படுக்கை விரிப்பு மாற்றிக்கொண்டிருந்தார்.

1958ல் 'மேட்ஷென் இன் யூனிஃபார்ம்' கலரில் மறுபடி எடுக்கப்பட்டது. மனுவேலாவாக ரோமி ஷ்னைடர். இன்று அந்தப் பெயரைத் தேடினால் முதலில் வருவது அவர் முகம்தான்.

1966ல் ஹெர்த்தா கிழக்கு ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்தார். பெர்லின் சுவர் எழும்பி ஐந்து வருடம் ஆன பிறகு! ஜனங்கள் அந்தப் பக்கமிருந்து இந்தப் பக்கம் உயிரைப் பணயம் வைத்துத் தப்பிவந்த காலத்தில் இவர் எதிர்த்திசையில் போனார். மக்டெபுர்கிலும் லைப்ஸிக்கிலும் நாடகங்களில் நடித்தார், டிவியில் சின்னச் சின்ன வேஷங்கள் செய்தார். அந்த அரசும் தன் ஜனங்களை வேவு பார்த்த அரசுதான், தன் படங்களைத் தானே தடை செய்த அரசுதான். அவருடைய 'கூலெ வாம்பெ'யை எழுதிய ஓட்வால்டே நாஜிகளிடமிருந்து தப்பி சோவியத் யூனியனுக்குப் போய், அங்கே கைதாகி, 1943ல் அவர்களுடைய முகாமிலேயே செத்துப்போனவர். ஆகவே ஹெர்த்தாவை எல்லா விஷயத்திலும் சரியாக முடிவெடுத்த அம்மனாக ஆக்கி மாலை போட நான் வரவில்லை. ஒரு விஷயத்தில், ஒரு சமயத்தில், அவர் 'முடியாது' என்றார். அதற்கான விலையை முப்பது வருடம் கட்டினார். அது மட்டும் எனக்குத் தெரியும்.

1970களில் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பெண்கள் திரைப்பட விழாக்கள் நடத்த ஆரம்பித்தபோது யாரோ அந்தப் பழைய படத்தைத் தூசு தட்டி எடுத்துப் போட்டார்கள். பெண் இயக்கிய, பெண்கள் மட்டுமே நடித்த, ஒரு பெண் இன்னொரு பெண்மேல் வைத்த அன்பைக் கேலி செய்யாமல் காட்டிய படம், அதுவும் 1931ல்! பார்த்தவர்கள் அசந்துபோனார்கள். அந்தச் சின்னப் பெண் யார், இப்போது உயிரோடு இருக்கிறாரா என்று தேடிக்கொண்டு போனார்கள். எழுபதைத் தாண்டிய அம்மாள் ஒருவர் கிழக்கு பெர்லினில் இருந்தார். உட்கார்ந்து பேட்டி எடுத்தார்கள். 1983ல் அவரைப் பற்றி ஒரு தனிப் புத்தகமே வந்தது. அடுத்த வருடம், 1984 ஆகஸ்டில், அவர் இறந்தார். ஒரே ஒரு வருடம். ஆனாலும் அவர் கண்ணால் பார்த்துவிட்டுப் போனார்.

கிறிஸ்டா வின்ஸ்லோவுக்கு அதுகூடக் கிடைக்கவில்லை. 1944ல் பிரான்ஸில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

*

இப்போது கடைசி பெஞ்சின் கேள்வி. எதுக்குடி அவங்களைப் பத்திப் பேசறே?

உண்மையைச் சொன்னால், அந்தக் கேள்வி எனக்குப் புதிது இல்லை. போன மாதம் கேம்பஸ் இன்டர்வியூவுக்கு ஒத்திகை நடத்தினார்களே, அங்கே என் ரெஸ்யூமைப் பார்த்து ஒருவர் கேட்டார்: "ப்ளஸ் டூ முடிச்சு ஒரு வருஷம் இடைவெளி இருக்கே, என்ன பண்ணீங்க?" அந்த வருடம் அப்பாவுக்கு ஆபரேஷன். கையில் இருந்த பணம் அதற்கே சரியாகப் போனது. நான் வீட்டில் இருந்தேன். சமைத்தேன், அப்பாவைக் குளிப்பாட்டினேன், மருந்து நேரத்துக்கு அலாரம் வைத்துக்கொண்டேன். அவரிடம் நான் சொன்ன பதில்: "கம்ப்யூட்டர் கோர்ஸ் பண்ணேன் சார்." குட் என்றார். இரண்டு நாள் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

என் ஒரு வருடத்தையும் ஹெர்த்தாவின் முப்பது வருடத்தையும் ஒரே தராசில் வைக்கவில்லை. அந்த அளவுக்கு எனக்குப் புத்தி கெட்டுப்போகவில்லை. எனக்கு நேர்ந்தது சூழ்நிலை, அவர் செய்தது தேர்வு. ஆனால் அந்த இடைவெளியைப் பார்க்கும் கண் ஒன்றேதான். படங்களின் பட்டியலை வைத்துப் பார்த்தால் ஃப்ரோலிஷ் பெரிய ஆள், ஹெர்த்தா மூன்று வருடத்தில் காணாமல் போன நடிகை. அந்தப் பட்டியலில் 1935, 1936 எல்லாம் வெறுமையாக இருக்கின்றன. அந்த வெறுமையை நிரப்பியிருக்கக்கூடிய படங்கள் என்னென்ன என்று நமக்குத் தெரியும், ஏனென்றால் மற்றவர்கள் அவற்றில் நடித்தார்கள். அவற்றில் எதிலும் ஹெர்த்தா தீலெயின் முகம் இல்லை. தேடித் தேடிப் பார்த்தாலும் இல்லை.

அதனால் அடுத்த தடவை யாராவது "1934க்கு அப்புறம் அவங்க என்ன படம் பண்ணாங்க?" என்று கேட்டால் அதே பதிலைத்தான் சொல்லப்போகிறேன். ஒண்ணும் பண்ணலை. ஆனால் இந்தத் தடவை சிரித்துவிட்டு உட்கார மாட்டேன்.

அப்புறம், நிஜ இன்டர்வியூவில் அந்த ஒரு வருடத்தைப் பற்றிக் கேட்டால் அப்பாவைப் பார்த்துக்கொண்டேன் என்று சொல்லப்போகிறேன். வேலை கிடைத்ததா இல்லையா என்று பிறகு சொல்கிறேன்.